சுவரில் பேரெழுதி ஒட்டிய சின்ன மருது



கையெழுத்து என்றால் என்ன என்று நம்ம குழுப் பெண்களுக்கு யாரும் பாடம் எடுக்க வேண்டியதில்லை. தீர்மான நோட்டில் போடுகிறோம், பேங்க் கடன் பத்திரத்தில் போடுகிறோம். முதல் தடவை கை நடுங்கியது எல்லாருக்கும் ஞாபகம் இருக்கும். பேரெழுதிவிட்டால் அந்தப் பேச்சுக்கு நாமதான் பொறுப்பு. பின்னாடி எனக்குத் தெரியாது, நான் அங்க இல்ல என்று கழன்றுகொள்ள முடியாது.

நம்ம திருச்சியிலும் ஸ்ரீரங்கத்திலும் 1801-ஆம் வருஷம் ஜூன் 16-ஆம் தேதி ஒரு காகிதம் சுவரில் ஒட்டப்பட்டது. கோட்டைக்குள்ளே நவாப்பின் அரண்மனைக்குப் போகிற வாசலில் ஒன்று, ரங்கநாதர் கோவில் மதிலில் ஒன்று. வெள்ளைக்காரக் கும்பினியை நாட்டை விட்டு விரட்ட எல்லாரும் எழுந்து வாங்க என்று அதில் எழுதியிருந்தது. மொட்டைக் கடுதாசி இல்லை. எழுதினவர் பேர் கீழே இருந்தது. மருது பாண்டியன், வெள்ளையரின் தீராத பகைவன் என்று தன்னைச் சொல்லிக்கொண்டவர். நாம சின்ன மருது என்று சொல்கிறோமே, அவர்தான்.

அப்போது திருச்சி எப்படி இருந்தது என்று கொஞ்சம் நினைத்துப் பாருங்க. கோட்டையைச் சுற்றி அகழி, உள்ளே நவாப்பின் ஆட்கள், ஊரில் கும்பினியின் பட்டாளம். இன்றைக்கு மெயின்கார்டுகேட் என்று பஸ்சில் டிக்கெட் கேட்கிறோமே, அது அந்தக் கோட்டையின் வாசல்களில் மிஞ்சி நிற்கிற ஒன்று. ஸ்ரீரங்கமும் பட்டாளம் பார்க்காத ஊர் இல்லை. 1750-களில் பிரெஞ்சுக்காரனும் இங்கிலீஷ்காரனும் திருச்சிக்காகச் சண்டை போட்டபோது பிரெஞ்சுப் படை கோவில் மதிலுக்குள்ளேயே வந்து தங்கியது. 1752-இல் அங்கேதான் சரணடைந்தது. அப்படிப்பட்ட ஊரில், பட்டாளத்தின் மூக்குக்கு முன்னால், ராத்திரியோ விடியலிலோ யாரோ போய் ஒட்டிவிட்டு வந்திருக்கிறார்கள். ஒட்டினவர் பேர் எந்த ஏட்டிலும் இல்லை. எழுதினவர் பேர் மட்டும் இருக்கிறது.

யார் இந்தச் சின்ன மருது? ராஜா வீட்டுப் பிள்ளை இல்லை. அருப்புக்கோட்டைப் பக்கம் நரிக்குடியில் பிறந்த அண்ணன் தம்பி இரண்டு பேர். 1748-இல் பெரிய மருது, 1753-இல் சின்ன மருது. தாயார் பேர் பொன்னாத்தாள். சிவகங்கைச் சீமையை ஆண்ட முத்துவடுகநாதத் தேவரிடம் இரண்டு பேரும் வேலைக்குச் சேர்ந்தார்கள். தம்பிக்கு ராஜாவுக்கு வெற்றிலை மடித்துக் கொடுக்கிற அடைப்பக்காரர் வேலை என்று சொல்வார்கள். வெற்றிலை மடித்துக் கொடுத்த கைதான் பின்னால் ஒரு சீமையையே நிர்வாகம் பண்ணியது.

1772 ஜூன் 25-ஆம் தேதி காளையார்கோவிலில் நடந்த சண்டையில் முத்துவடுகநாதர் இறந்துபோனார். கும்பினிப் படையும் நவாப் படையும் சேர்ந்து வந்து அடித்தன. கட்டின புருஷனையும் சீமையையும் ஒரே நாளில் பறிகொடுத்த ராணி வேலுநாச்சியார், மகள் வெள்ளச்சியைக் கூட்டிக்கொண்டு திண்டுக்கல் பக்கம் விருப்பாட்சிக்குப் போய்ச் சேர்ந்தார். கூடவே போனவர்கள் பிரதானி தாண்டவராய பிள்ளையும் மருது சகோதரர்களும். விருப்பாட்சிப் பாளையக்காரர் கோபால நாயக்கர் இடம் கொடுத்தார். மைசூர் ஹைதர் அலியின் ஆதரவும் கிடைத்தது.

ஒரு நாள் இரண்டு நாள் இல்லை, எட்டு வருஷம். இந்த எட்டு வருஷத்தைப் பற்றி யாரும் அதிகமாகப் பேசுவதில்லை, சண்டை நடந்த நாளைத்தான் பேசுகிறார்கள். சோறு போட்ட ராஜா செத்தாச்சு, சீமை போயாச்சு, பிரதானியும் நடுவிலேயே இறந்துபோனார். ஜெயித்தவன் பக்கம் போயிருந்தால் மருதுகளுக்கு நல்ல வேலை கிடைத்திருக்கும். அவர்கள் ராணியை விட்டுப் போகவில்லை. ஆள் சேர்த்தார்கள், ஆயுதம் சேர்த்தார்கள், காத்திருந்தார்கள். 1780-இல் ஹைதர் கொடுத்த படை உதவியோடு சிவகங்கையைத் திரும்பப் பிடித்து வேலுநாச்சியாரை அரியணையில் உட்கார வைத்தார்கள்.

அந்தச் சண்டையில் பெண்கள் படையும் இருந்தது, குயிலி என்ற பெண் உடம்பில் தீ வைத்துக்கொண்டு ஆயுதக் கிடங்குக்குள் குதித்தாள் என்று சிவகங்கைப் பக்கம் வழிவழியாகச் சொல்கிறார்கள். கும்பினிக்காரன் எழுதிவைத்த ரிக்கார்டை வைத்துப் பேசுகிறவர்கள் இதை ஒத்துக்கொள்வதில்லை. ஆனால் சனங்க மறக்கவில்லை. 2014-இல் சிவகங்கையில் வேலுநாச்சியாருக்கு அரசு மணிமண்டபம் கட்டித் திறந்தபோது குயிலிக்கும் அங்கே நினைவுச் சின்னம் வைத்தது.

ராணி ஆட்சியில் சின்ன மருது பிரதானி, பெரிய மருது தளபதி. அண்ணனுக்கு வேட்டையும் சண்டையும். தம்பிக்குக் கணக்கு வழக்கு, வரி, ஊர்ப் பஞ்சாயத்து, கடிதப் போக்குவரத்து. காளையார்கோவிலின் உயரமான கோபுரம் மருதுகள் கட்டியது. குன்றக்குடி முருகன் கோவிலுக்கும் திருப்பணி செய்தார்கள்.

சின்ன மருதுவை நேரில் பார்த்துப் பழகி எழுதிவைத்தவர், நல்ல வேடிக்கை, அவரைப் பிடிக்க வந்த பட்டாளத்தின் ஆபீசர் ஒருவர்தான். ஜேம்ஸ் வெல்ஷ் என்று பேர். 1795 வாக்கில் இளவயசு ஆபீசராக மதுரைப் பக்கம் இருந்தபோது சிறுவயல் அரண்மனைக்கு விருந்தாளியாகப் போவாராம். சின்ன மருது கறுத்த நிறம், நல்ல வாட்டசாட்டம், சிரித்த முகம், யாரிடமும் கனிவாகப் பேசுகிறவர் என்று எழுதியிருக்கிறார். வாசலில் காவல் கிடையாது. யார் வேண்டுமானாலும் உள்ளே போகலாம், வரலாம். பெரிய மருது ஆற்காட்டு ரூபாயை விரலாலேயே வளைத்துவிடுவார் என்றும் எழுதியிருக்கிறார். வெல்ஷுக்கு ஈட்டி எறியவும் வளரி வீசவும் கற்றுக்கொடுத்தது சின்ன மருதுதான். பிறை மாதிரி வளைந்த வளரியை இன்றைக்கு நம்ம பிள்ளைகள் பார்த்திருக்க மாட்டார்கள். குறி பார்த்து எறிந்தால் ஓடுகிற ஆளையும் மானையும் சாய்க்கும்.

இந்தச் சிநேகம் நிலைக்கவில்லை. 1799 அக்டோபர் 16-ஆம் தேதி கட்டபொம்மனைக் கயத்தாறில் தூக்கில் போட்டார்கள். அவர் தம்பி ஊமைத்துரை பாளையங்கோட்டைச் சிறையில் கிடந்தார். 1801 பிப்ரவரி 2-ஆம் தேதி அங்கிருந்து தப்பித்து, இடித்துத் தரைமட்டமாக்கின பாஞ்சாலங்குறிச்சிக் கோட்டையைச் சில நாளிலேயே சனங்களை வைத்துத் திரும்பக் கட்டினார். மே 24-ஆம் தேதி அது மறுபடி விழுந்தது. ரத்தக் காயத்தோடு தப்பித்த ஊமைத்துரை வந்து நின்ற இடம் சின்ன மருதுவின் வாசல்.

இங்கேதான் சின்ன மருதுவின் வாழ்க்கை ஒரு முடிவுக்கு வந்தது. கும்பினி ஆளை ஒப்படைக்கச் சொன்னது. ஒப்படைத்திருந்தால் சிவகங்கை தப்பியிருக்கும், பிள்ளைகள் தப்பியிருப்பார்கள். விருப்பாட்சியில் எட்டு வருஷம் அடுத்தவர் நிழலில் இருந்தவருக்கு வீடு தேடி வந்தவனைக் காட்டிக்கொடுக்க மனசு வரவில்லை. அவர் முடியாது என்று சொன்னார். சொன்னதோடு நிற்காமல் ஒரு மாசத்துக்குள்ளேயே அந்தக் காகிதத்தை எழுதித் திருச்சிக்கும் ஸ்ரீரங்கத்துக்கும் அனுப்பினார்.

ஜம்புத் தீவுப் பிரகடனம் என்று இன்றைக்கு அதற்குப் பேர். சின்ன மருது தன் சீமை ஆட்களை மட்டும் கூப்பிடவில்லை. பிராமணர் முதல் முஸ்லிம்கள் வரை எல்லாச் சாதி சனத்தையும் கூப்பிட்டார். கும்பினிப் பட்டாளத்தில் சம்பளம் வாங்கின சுபேதார், சிப்பாய்களையும் விட்டுவைக்கவில்லை, நீங்களும் நம்ம ஆட்கள்தானே என்ற கணக்கில் அவர்களையும் சேர்த்துக் கூப்பிட்டார். நவாப் ஏமாளித்தனமாக அந்நியனுக்கு இடம் கொடுத்ததையும், நமக்குள் ஒற்றுமை இல்லாததையும், சோறு தின்ற குடும்பம் கஞ்சிக்கு வந்ததையும் பட்டவர்த்தனமாக எழுதினார். படிக்கிறவர்கள் நகல் எடுத்து அடுத்த ஊருக்கு அனுப்ப வேண்டும், சுவரிலிருந்து கிழிக்கிறவனுக்குப் பெரும் பாவம் வந்து சேரும் என்றும் சொல்லியிருந்தார்.

ஒரு விஷயத்தில் மட்டும் அவரோடு எனக்கு வருத்தம். மீசை வைத்த ஆம்பளைகள் எல்லாம் ஒன்று சேருங்கள் என்கிற மாதிரிதான் அழைப்பு இருந்தது. ஒரு பொம்பளை கையில் ஆட்சி இருந்தபோது அவருக்குக் கீழே வருஷக்கணக்காக வேலை பார்த்தவர், கொஞ்சம் யோசித்து எழுதியிருக்கலாம். போகட்டும், அந்தக் காலத்துப் பேச்சு.

இந்தக் காகிதம் நம்ம கைக்குக் கிடைத்ததே எதிரி பத்திரப்படுத்தி வைத்ததால்தான். கும்பினிக்காரன் அதைக் கண்டதும் இங்கிலீஷில் மொழிபெயர்த்து ரிக்கார்டில் வைத்துக்கொண்டான். பேராசிரியர் கே. ராஜய்யன் அந்தப் பழைய கட்டுகளைப் புரட்டி ஆராய்ந்து 1971-இல் புத்தகமாகப் போட்டார். அதில் 1800–1801-இல் நடந்ததுதான் முதல் விடுதலைப் போர் என்று வாதாடினார். வேலூர்ச் சிப்பாய்கள் எழுந்தது 1806-இல், வடக்கே பெரிய கலகம் 1857-இல். ஸ்ரீரங்கத்து மதிலில் காகிதம் ஏறியது அதற்கெல்லாம் முன்னால்.

அப்புறம் நடந்ததைச் சுருக்கமாகவே சொல்கிறேன். ஜூலை மாசம் நவாப் இறந்தார். மாசக் கடைசியில், 31-ஆம் தேதி, புது நவாப்பிடம் எழுதி வாங்கிக்கொண்டு கர்நாடகம் முழுவதையும் கும்பினி எடுத்துக்கொண்டது. கர்னல் அக்னியூ தலைமையில் படை சிவகங்கைக்குள் நுழைந்தது. சிறுவயல் விழுந்தது. அங்கிருந்து காளையார்கோவிலுக்கு நடுவே அடர்ந்த காடு. ஒரு மாசத்துக்கு மேல் மரத்தை வெட்டி வெட்டிப் பாதை போட்டும் போய்ச் சேர முடியாமல் கும்பினிப் படை திரும்பியது. வெட்டுகிறவன் மேல் காட்டுக்குள்ளிருந்து ஈட்டியும் குண்டும் வந்துகொண்டே இருந்தன.

அதனால் வேறு வழி பிடித்தார்கள். மருதுகள் ராஜ வம்சம் இல்லை என்பது ஊருக்கே தெரியும். ராஜ குடும்பம் பேருக்கு, அதிகாரம் மருதுகளுக்கு என்று உள்ளூரிலேயே முணுமுணுப்பு இருந்தது, அதை மறைக்க வேண்டியதில்லை. கும்பினி அந்த இடத்தில் கை வைத்தது. படமாத்தூர் கௌரி வல்லப உடையத் தேவரை வாரிசு என்று செப்டம்பர் 12-ஆம் தேதி சோழபுரத்தில் பட்டம் கட்டியது. சனங்க இரண்டாகப் பிரிந்தார்கள். அக்டோபர் 1-ஆம் தேதி காளையார்கோவில் விழுந்தது. காட்டில் தேடித் தேடிப் பிடித்தார்கள். தொடையில் குண்டடி பட்டு எலும்பு முறிந்த நிலையில் சின்ன மருது பிடிபட்டார். வளரி கற்றுக்கொடுத்த குருவை வெல்ஷ் அந்தக் கோலத்தில் பார்த்தார்.

1801 அக்டோபர் 24-ஆம் தேதி திருப்பத்தூரில் அண்ணனையும் தம்பியையும் தூக்கில் போட்டார்கள். சின்ன மருதுவுக்கு வயசு 48. குடும்பத்து ஆண்களையும் விடவில்லை. நவம்பரில் ஊமைத்துரையைப் பாஞ்சாலங்குறிச்சிக்கே கொண்டுபோய்க் கொன்றார்கள். எட்டு வருஷம் இடம் கொடுத்த கோபால நாயக்கரும் அதே வருஷம் தூக்கில் போனார்.

சின்ன மருதுவின் மகன் துரைசாமிக்கு அப்போது சுமார் 15 வயசு. அவனையும் சேர்த்து 70-க்கும் அதிகமான பேரை 1802 பிப்ரவரியில் தூத்துக்குடியில் கப்பலேற்றிப் பினாங்குத் தீவுக்கு நாடு கடத்தினார்கள். 1818-இல் வெல்ஷ் வேலை நிமித்தமாகப் பினாங்கில் இருந்தபோது, உடம்பு தளர்ந்து கிழவன் மாதிரி ஒருத்தர் அவர் முன்னால் வந்து நின்றார். யாரென்று அடையாளம் தெரியவில்லை. சிறுவயல் அரண்மனையில் ஓடி விளையாடின துரைசாமிதான் அது. அப்போது அவருக்கு 32 வயசு போல இருக்கும். ஊரில் மிச்சம் இருக்கிற சொந்தக்காரங்களுக்கு ஒரு கடிதம் கொண்டுபோய்க் கொடுக்க முடியுமா என்று கேட்டார். உத்தரவு இல்லை என்று வெல்ஷ் வாங்க மறுத்துவிட்டார். அப்பன் எழுதின காகிதம் திருச்சி வரைக்கும் வந்தது. பிள்ளை எழுத நினைத்த காகிதம் கடலைத் தாண்டவில்லை.

சண்டையில் உயிரைக் கொடுத்தவர்களுக்கு நாடு என்ன செய்கிறது? நம்ம தமிழ் மண்ணில் பழைய வழக்கம் நடுகல். ஆநிரை மீட்கப் போய்ச் செத்தவனுக்குக் கல் நட்டு, அவன் உருவத்தைச் செதுக்கிப் பேரையும் எழுதிவைப்பார்கள். குடும்பத்துக்கு நிலம் எழுதிவைப்பதும் உண்டு, உதிரப்பட்டி என்று பேர். சிந்தின ரத்தத்துக்காகக் கொடுத்த பூமி. புருஷன் போன பிறகு அடுப்பு எரியணுமே என்று யோசித்தவர்கள் அந்தக் காலத்திலேயே இருந்திருக்கிறார்கள்.

கும்பினிக்கும் பதக்கம் உண்டு. 1799-இல் திப்புவைக் கொன்று ஸ்ரீரங்கப்பட்டணத்தைப் பிடித்ததற்காக ஒரு பதக்கம் அடித்தார்கள். சிங்கம் புலியை மடக்கிப் போடுகிற மாதிரி அதில் உருவம். சிங்கம் இங்கிலீஷ்காரன், புலி யாரென்று சொல்ல வேண்டியதில்லை. பெரிய ஆபீசருக்குத் தங்கம், அதற்குக் கீழே பொன்முலாம் பூசின வெள்ளி, அப்புறம் வெறும் வெள்ளி, வெண்கலம். நம்ம ஊர்ச் சிப்பாய்க்கு வெள்ளீயம். குண்டு எல்லார் மேலும் ஒரே மாதிரிதான் பாய்ந்திருக்கும்! 1856-இல் விக்டோரியா சிலுவை வந்தபோது அதில் பதவி பேதம் இல்லை என்றார்கள். ஆனால் இந்தியச் சிப்பாய்க்கும் அது உண்டு என்று ஒத்துக்கொள்ள 1911 ஆகிவிட்டது.

சுதந்திர இந்தியாவின் மிகப் பெரிய வீர விருது பரம் வீர் சக்ரா, 1950 ஜனவரி 26-ஆம் தேதி ஏற்படுத்தியது. சிப்பாய்க்கும் ஜெனரலுக்கும் ஒரே வெண்கலம்தான். அதை வரைந்து கொடுத்தது ஒரு பெண் என்பது நம்மில் பல பேருக்குத் தெரியாது. சாவித்ரி கானோல்கர். ஐரோப்பாவில் பிறந்து, இந்திய ராணுவ அதிகாரியைக் கல்யாணம் பண்ணிக்கொண்டு இந்த நாட்டுக்காரியாகவே ஆனவர். இந்திரனின் வஜ்ராயுதத்தை அதில் வைத்தார். முதல் விருது மேஜர் சோம்நாத் சர்மாவுக்கு, இறந்த பிறகு. அவர் சாவித்ரியின் மருமகனுக்கு அண்ணன். தான் வரைந்த பதக்கம் தன் சம்பந்தி வீட்டுப் பிள்ளைக்கே, அதுவும் உயிரில்லாத பிள்ளைக்குப் போனதைப் பார்த்த அந்த அம்மாவின் மனசு என்ன பாடுபட்டிருக்கும். தமிழரில் மேஜர் ராமசாமி பரமேஸ்வரனுக்கு இந்த விருது கிடைத்தது, அவரும் 1987-இல் இலங்கையில் இறந்தவர்தான். நம்ம திருச்சிப் பிள்ளை மேஜர் சரவணன் 1999 கார்கில் போரில் பட்டாலிக் மலையில் விழுந்தார். அவருக்கு வீர் சக்ரா. ஒரு மாசத்துக்கு மேலாக உடல் பனியிலேயே கிடந்து அதற்கப்புறம்தான் ஊருக்கு வந்தது. திருச்சியில் அவருக்கு நினைவுச் சின்னம் இருக்கிறது. காந்தி மார்க்கெட் பக்கம் காய்கறி வாங்கப் போகிறவர்கள் பார்த்திருப்பீர்கள், முதல் உலகப் போருக்குப் போன திருச்சி ஆட்களுக்கும் அங்கே ஒரு நினைவுச் சின்னம் உண்டு.

சின்ன மருதுவுக்குப் பதக்கம் கொடுக்க அன்றைக்கு எந்த நாடும் இல்லை. அவரைக் கொன்றவன்தான் நாட்டை ஆண்டான். ஆண்டவன் ஏட்டில் அவர் கலகக்காரர். அவர் பேரைக் காப்பாற்றியது கும்மிப் பாட்டும், காளையார்கோவிலில் விளக்கு வைத்த சனங்களும். அவர்கள் உடலைத் தாங்கள் கட்டின கோபுரத்துக்கு எதிரே அடக்கம் செய்ததாகச் சொல்வார்கள். அங்கே இன்றைக்கும் அக்டோபர் 27-ஆம் தேதி குருபூஜை நடக்கிறது. மருது சகோதரர்களுக்கு இந்திய அரசு தபால் தலை போட்டது 2004 அக்டோபர் 24-இல், தூக்கில் போட்டு 203 வருஷம் கழித்து. வேலுநாச்சியாருக்கு 2008 டிசம்பர் 31-இல்.

தூக்கில் போட்ட அதே திருப்பத்தூரில் இப்போது நினைவு மண்டபம் இருக்கிறது. திருச்சியிலிருந்து புதுக்கோட்டை, திருமயம் வழியாகப் போகலாம், அங்கிருந்து காளையார்கோவிலுக்கும் பஸ் கிடைக்கும். காலையில் கிளம்பினால் இரண்டையும் பார்த்துவிட்டு ராத்திரிக்குள் வீடு திரும்பலாம். போகிற குழுக்கள் பள்ளிக்கூடப் பிள்ளைகளையும் கூட்டிக்கொண்டு போங்க. திருப்பத்தூர் மண்டபத்தில் அக்டோபர் 24-ஆம் தேதி அரசு விழா நடக்கும், கூட்டமும் இருக்கும். நின்று நிதானமாகப் பார்க்க வேண்டுமென்றால் வேறு நாளில் போவது நல்லது.